வாசிக்கத் தெரியாதவள்

திரையில் ஜேர்மன் எழுத்து விழுந்ததுமே சுலோச்சனா கண்ணைத் தாழ்த்திக்கொண்டாள்.

எண்பத்தொன்பதாம் ஆண்டு, சனிக்கிழமைப் பின்னேரம், லண்டன் தோர்ண்டன் ஹீத்தில் ஒரு மண்டபம். இலவசமாக ஒரு பழைய ஜேர்மன் ஊமைப்படம். பெண்ணும் மாப்பிள்ளையும் பேசிப் பழகட்டும் என்று இரண்டு வீட்டாரும் அனுப்பியிருந்தார்கள். அனுப்பியதுதான் அனுப்பினார்கள், பேசாத படத்துக்கா அனுப்புவது! நடுவில் காவலுக்கு மாப்பிள்ளையின் அக்கா லலிதா.

அந்தப் பக்கம் மாப்பிள்ளை பாலேந்திரா. கொழும்பிலிருந்து நேரே லண்டனுக்குப் படிக்க வந்தவராம்.

சுலோச்சனாவும் கொழும்பிலிருந்து நேரே வந்தவள்தான். அவளுடைய அண்ணன் கணேசலிங்கம் அப்படித்தான் சொல்லிவைத்திருந்தான். ஜேர்மனியில், ஸ்ருட்கார்ட்டில் அவள் இருந்த நான்கு வருடத்தையும், அங்கே பதிவுத் திருமணம் செய்து மூன்றே மாதத்தில் விட்டுப்போனவனையும் அண்ணன் அப்படியே விழுங்கிவிட்டான். அந்தக் கதை தெரியவந்துதான் முன்பு இரண்டு சம்பந்தம் குழம்பியது. இதுவும் குழம்பினால் அவளால் தாங்க முடியாது.

எழுத்து வரும்போதெல்லாம் முன்வரிசையில் ஒரு வெள்ளைக்காரக் கிழவர் எழுந்து, கையிலிருந்த தாளைப் பார்த்து ஆங்கிலத்தில் வாசித்தார். அவர் வாசித்து முடிக்கும்வரை சுலோச்சனா ஒன்றும் விளங்காதவள்போல இருக்க வேண்டும். சிரிப்பு வந்த இடத்தில் உதட்டைக் கடித்தாள்.

படத்தில் ஒரு பணக்கார வீட்டு மருமகள். அவளுடைய பழைய கடிதம் ஒன்றை மாமியார் கண்டெடுத்து மகனிடம் நீட்டினாள். அவன் வாயசைத்தான். எழுத்து விழுந்தது.

கிழவரின் கைதவறித் தாள்கள் கீழே சிதறின.

"ஐயோ, என்னவாம்?" லலிதா தவித்தாள்.

ஸ்ருட்கார்ட் அகதி முகாமுக்கு வரும் ஜேர்மன் கடிதங்களை எல்லாருக்கும் வாசித்துச் சொன்னவள் சுலோச்சனா. 'என்னவாம்' என்று யாராவது கேட்டால் போதும், வாய் தானாகத் திறந்துவிடும்.

"என்னைக் கட்ட முதல் நீ இன்னொருத்தனுக்குப் பெண்சாதியாய் இருந்திருக்கிறாய்..."

பாதியில் நிறுத்தினாள். எல்லாம் போயிற்று.

"அதை ஏன் எனக்குச் சொல்லேல்லை எண்டு கேக்கிறான்," என்று மீதியை முடித்தான் பாலேந்திரா. கிழவர் இன்னும் குனிந்து தாள் பொறுக்கிக்கொண்டிருந்தார்.

லலிதா வெடுக்கென்று திரும்பினாள். சுலோச்சனா பக்கம் அல்ல. தம்பியின் தொடையில் நறுக்கென்று ஒரு கிள்ளு விழுந்தது.

பிறகு சுலோச்சனாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பிள்ளை, இவன்ர ஜேர்மன் கதையை உங்கட அண்ணைக்குச் சொல்லிப்போடாதேங்கோ. அங்க இவனோட இருந்த பெட்டையும் இப்ப வேற கட்டியிட்டாள்."