வீட்டுக்கு ஒரு கை

வரிசையில் எனக்கு முன்னால் இன்னும் சிலர் நின்றார்கள். எல்லோருக்கும் என் முகம்தான். தூங்காத முகம்.

இரண்டு சூரியனில் சின்னது இன்னும் ஏறவில்லை. என் மனைவி மெரூனா எழுவதற்குள் தொட்டுவிட்டுத் திரும்பிவிடலாம் என்று வந்திருந்தேன். வாசலில் கிடந்த எங்கள் மகன் யோரனின் செருப்பை ஓசைப்படாமல் தாண்டினது நினைவிருக்கிறது.

மலையடியில் நரை நின்றது.

மூடுபனி இல்லை, சுவரும் இல்லை. வெறும் சாம்பல் நிறம், ஆள் உயரத்துக்கு எழுந்து நிற்கிறது. அதற்கு நிழல் விழாது. பறவை கிட்டே வராது.

எந்தச் சாவை நினைத்துத் தூங்காமல் கிடக்கிறோமோ, அந்த ஆளை நரை நம்மிடமிருந்து எடுத்துக்கொள்ளும். உள்ளங்கையை வைத்தால் போதும். மனதில் இரண்டு சாவு கிடந்தால் இரண்டு பேருமே போவார்கள். முகம், குரல், பெயர், எல்லாமே போகும். பாரமும் கூடவே போகும்.

நரையை நான் நம்பினதில்லை. வாங்கிக்கொண்டு எதையும் திருப்பித் தராததை எப்படி நம்புவது? அதன் காவல்காரர்களையும் நம்பமாட்டேன். சும்மா ஒரு வேலையை எவன் செய்வான்?

ஆனால் சுண்ணாம்பு சுடும் காளவாய் சரிந்து யோரன் மேல் விழுந்த நாளிலிருந்து எனக்குத் தூக்கமில்லை. சுண்ணாம்பை வாரும்போதெல்லாம் அவன் பல் தெரிகிறது. கிழ உடம்பு. போதும்.

ஒரு ஆளுக்கு ஆயுசில் ஒரு தடவைதான். ஒரு சாவுக்கு வீட்டில் ஒருவர்தான். மற்றவர் செத்தவரை வைத்திருக்க வேண்டும். இல்லையென்றால் அப்படி ஒரு பிள்ளை பிறந்ததே இல்லை என்றாகிவிடும். தொட்டுவிட்டு வந்தவரிடம் ஊரில் யாரும் அதைப் பற்றி வாய் திறக்கக் கூடாது.

மெரூனா தாங்குவாள். அழுதால் அரைநாள், பிறகு கிழங்கு சுடப் போய்விடுவாள். அவளே வைத்திருக்கட்டும் என்று நானே முடிவு செய்தேன்.

பின்னால் இருமல் கேட்டது. அவள்தான். சால்வையை இறுக்கிக்கொண்டு வந்து நின்றாள். திட்டவில்லை.

"செருப்பையாவது மாட்டிக்கிட்டு வந்திருக்கலாம் கிழவா."

குனிந்து பார்த்தேன். வெறுங்கால்.

அவள் மணிக்கட்டில் இரண்டு பாசிமணிகள் கட்டியிருந்தன. செத்தவருக்கு ஒரு மணி கட்டுவது எங்கள் வழக்கம். நீலம் யோரனுக்கு, புதிது. தேய்ந்துபோன மஞ்சள் அவள் அம்மாவுக்கு. அப்படித்தான் சொல்லியிருந்தாள்.

என் முறை வந்தது. காவல்காரன் கையைக் காட்டச் சொன்னான். வலது கையை நீட்டினேன். இடது என்றான்.

என் இடது உள்ளங்கை பல வருடமாகச் சாம்பல் பூத்துக் கிடக்கிறது. சுண்ணாம்பு தின்றது. அதையும் மெரூனாதான் சொன்னாள்.

காவல்காரன் கையைப் பார்த்தான். பிறகு அவளைப் பார்த்தான். குரலைத் தாழ்த்தினான்.

"இது நரை வச்ச தடம். உங்க தடவை எப்பவோ முடிஞ்சுபோச்சு பெரியவரே. அந்தம்மாவுக்கு வழிவிடுங்க."

பொய் என்று கத்த வாயெடுத்தேன். மெரூனா தலைகுனிந்து நின்றாள்.

இரண்டு மணிகளையும் அவிழ்த்து என் இடது கையில் வைத்து, விரல்களை மூடினாள்.

"நீலம் யோரன். மஞ்சள் தில்வா. அவனுக்கு மூத்தவ. போகும்போது ஆறு வயசு. உன் மூக்கு அவளுக்கு. இனிமே ரெண்டு பேரையும் நீதான் வச்சிருக்கணும்."

அப்படி ஒரு பெயரை நான் கேட்டதேயில்லை. என் மூக்கைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன்.

அவள் போய் நரையில் கை வைத்தாள். கூன் விழுந்திருந்த முதுகு நிமிர்ந்தது. அவ்வளவுதான்.

மறந்துவிடக் கூடாதே என்று தில்வா, தில்வா என்று முணுமுணுத்துக்கொண்டு நின்றேன். வாசலில் கிடக்கும் செருப்பை அவள் கண்ணில் படுவதற்குள் எடுத்து ஒளிக்க வேண்டும்.

திரும்பி வந்தவளின் முகம் கழுவிக் கவிழ்த்த சட்டி மாதிரி இருந்தது. பசிக்கிறது என்றாள். இந்தக் குளிரில் என்னை எதற்கு இங்கே இழுத்து வந்தாய் என்று சிடுசிடுத்தாள். பிறகு என் கையைப் பிரித்து, நீலத்தை யாருடையதோ என்பதுபோல் ஒதுக்கிவிட்டு, தேய்ந்த மணியை விரலால் புரட்டினாள். அந்த மஞ்சள் யாருக்குக் கட்டினது என்று கேட்டாள்.

எங்கம்மாவுக்கு என்றேன்.

நம்பிவிட்டாள்.