கழிவுக் கூடை

நாப்கின் கம்பெனியில் ஷிப்ட் விடுகிறது. வாசலோரம் திரை கட்டிய மறைவில் டியூப்லைட் கண் சிமிட்டுகிறது. சரக்கின் தரம் பார்த்துக் கழிக்கும் பெண் கைகளைத் தூக்கி நிற்கிறாள். சோதனைக்காரியின் விரல்கள் இடுப்புக்குக் கீழே இறங்கி ஓரிடத்தில் நின்றுவிடுகின்றன. "நம்ம சரக்குதானே? எடுடி." "திடீர்னு வந்திருச்சுக்கா. கழிவுக் கூடையில கிடந்ததுதான், குப்பைக்குப் போறது." "குப்பையும் முதலாளியோடது. உங்கப்பன் வீட்டுதா?" வெளியே வரிசை சிரிக்கிறது. சிரிப்பவர்களில் பாதிப் பேர் உள்ளே பழந்துணி மடித்து வைத்திருப்பவர்கள். "பஸ்ல போகணும்க்கா, உனக்குப் புண்ணியமாப் போகும்." சோதனைக்காரி தகரத் தட்டை நீட்டியபடியே நிற்கிறாள். இவள் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு எடுத்து வைக்கிறாள். தட்டு திரைக்கு வெளியே போகிறது. பின்னாலேயே இவளும் போக வேண்டியிருக்கிறது. சூப்பர்வைசர் ஒரு கையால் மூக்கைப் பொத்திக்கொண்டு, மறு கையிலிருக்கும் பேனா முனையால் அதைப் புரட்டுகிறார். "ஒரு சொட்டுக்கூடக் கசியலையே. நல்ல சரக்கை எவ கழிச்சுப் போட்டது?" "இவதான் சார் தரம் பாக்குறவ," என்கிறாள் சோதனைக்காரி. "அப்படிச் சொல்லு. கழிக்கிறதும் நீ, கட்டிக்கிறதும் நீயா?" "ஓரம் கோணல் சார், பாருங்க." ஓரம் கோணலாகத்தான் இருக்கிறது. அவர் பேனாவைத் துடைக்கிறார். "நாளையிலேர்ந்து வராதேம்மா." இவள் முழங்கால்களை நெருக்கிக்கொண்டு நிற்கிறாள். கணுக்காலை நோக்கி ஒரு கோடு மெல்ல இறங்குகிறது. சோதனைக்காரி அதைப் பார்த்துவிடுகிறாள். "தரையில சிந்தாமப் போடி. இப்பத்தான் தொடச்சாங்க."