பனியில் நனைந்த கூந்தல்

எலியாப் நசரேய விரதம் எடுத்திருந்தான். மதுவைத் தொடவில்லை, பிணத்தின் பக்கம் போகவில்லை, தலைமுடியை வெட்டவில்லை. இனி ஆலயத்தில் முடியை மழித்து, பலியின் கீழ் எரியும் தீயில் போட்டால் விரதம் நிறைவேறிவிடும். விடியற்காலைப் பனியில் நடந்து போனான். முதுகில் கூந்தல் தொங்கியது. இடுப்புப் பையில் சவரக்கத்தி இருந்தது.

“மகாராணி இன்னிக்குப் புகையாகி மேலே போறாங்களாக்கும்,” என்றது கத்தி.

“அதுக்காகத்தானே வளர்ந்தேன். நீ பாதியில மழுங்காம இருந்தா சரி,” என்றது கூந்தல்.

வழியில் ஒருவன் விழுந்து கிடந்தான். அவனுக்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. எலியாப் நின்றான்.

“குனியாதே,” என்று கூந்தல் கெஞ்சியது. “அவன் உன் மடியில செத்தா விரதம் கலைஞ்சிடும். அப்புறம் எனக்குத் தீ கிடையாது. மழிச்சு மண்ணுல புதைச்சிடுவாங்க. பின்னால வேற யாராவது வருவாங்க, நட.”

எலியாபுக்கு அது கேட்கவில்லை. உட்கார்ந்து, அவன் தலையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டான். ஈரக் கூந்தல் சரிந்து அந்த முகத்தின் மேல் விழுந்தது. கிடந்தவன் கண்ணைத் திறக்காமலே ஒரு கற்றையைப் பிடித்துக்கொண்டான்.

“இப்பத்தான் குளிச்சியாம்மா?” என்று கேட்டான்.

பனி மெல்ல விலகியது. தூரத்தில் ஆலயத்தின் புகை எழும்பும்போது அவன் மூச்சு நின்றிருந்தது.

“போச்சு. இனி உனக்கு மண்ணுதான்,” என்றது கத்தி.

“மெல்லப் பேசு,” என்றது கூந்தல். “இன்னும் என்னைப் பிடிச்சுக்கிட்டுத்தான் இருக்கான்.”