சிரிப்பு ஷாட்

தொலைக்காட்சித் தொடர்களில் வத்சலாதேவி பலமுறை செத்திருக்கிறார். பெரும்பாலும் மருமகள் கலந்து வைத்த விஷத்தால். பிணமாகக் கிடந்து முடித்ததும் எழுந்து உட்கார்ந்து கேமராவைப் பார்த்துச் சிரித்துவிடுவார். அந்தச் சிரிப்பையும் படம்பிடித்துவிட்டால் தோஷம் கழிந்துவிடும் என்பது படப்பிடிப்புத் தள வழக்கம். கடைசித் தொடரில் மட்டும், படப்பிடிப்புக்கு வாடகைக்கு விடும் ஒரு பங்களாவில், அவரைப் பாடையில் கிடத்தியிருந்தபோது பேய்மழை பிடித்துக்கொண்டது. எல்லாரும் விளக்குகளைக் காப்பாற்ற ஓடினார்கள். சிரிப்பு ஷாட்டை எடுக்க யாருக்கும் நினைவில்லை. அதற்குப் பிறகு அவரை யாரும் நடிக்கக் கூப்பிடவும் இல்லை.

இன்று ஒரு பேட்டிக்காக அதே பங்களாவுக்கு வந்தவர், கூடத்துச் சுவரில் தன் படம் அந்தத் தொடருக்காகப் போட்ட பிளாஸ்டிக் மாலையோடு தொங்குவதைப் பார்த்தார். இந்த வீட்டில் எடுக்கிற தொடர்களுக்கெல்லாம் செத்துப்போன அம்மா அவர்தானாம். படத்தில் இருந்த முகத்தில் சிரிப்பு இல்லை.

"ஐயோ, சாரிம்மா. கழட்டச் சொல்றேன்" என்றாள் பேட்டி எடுக்க வந்த பெண்.

"இருக்கட்டும். எனக்கு ஒரு ஷாட் பாக்கி இருக்கு. அதை மொதல்ல எடுத்துடுங்க."

படத்துக்குக் கீழே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கேமராவைப் பார்த்துச் சிரித்தார். உதடு நடுங்கத் தொடங்கிய பிறகும் நிறுத்தவில்லை.

"போதுமாம்மா?" என்றாள் அந்தப் பெண் கடைசியில்.

"என்னை ஏம்மா கேக்குற?" சிரிப்பைக் கலைக்காமல் விரலை மட்டும் உயர்த்தித் தலைக்கு மேலே காட்டினார். "அவளைக் கேளு."