குதிரையைக் கொடுக்காத ஆட்டம்

மேசையோரத்துச் சந்தேகமானி எழுபதைக் காட்டியது. நூற்றைத் தொட்டால், இயந்திரத்தின் உதவியோடு ஆடினாள் என்று எல்லாப் பட்டங்களையும் பறித்துவிடுவார்கள். உலகச் சதுரங்கப் பட்டத்துக்கான கடைசி ஆட்டத்தில் பூங்கோதை ஜெயிக்க ஒரே வழி, குதிரையைப் பலி கொடுப்பதுதான். அத்தனை அழகான நகர்வை அவளே யோசித்தாள் என்று யார் நம்புவார்கள்? பதினெட்டு வருட உழைப்பை நினைத்துக்கொண்டு, சாதாரணமாகச் சிப்பாயை நகர்த்தினாள். மானி இருபதுக்கு இறங்கியது. ஆட்டமும் கையைவிட்டுப் போனது.

"தோத்தாலும் நேர்மையா ஆடுனீங்கம்மா," என்று நடுவர் மனதாரப் பாராட்டினார்.

புதிய சாம்பியன் இளம்பரிதி கைகுலுக்கும்போது குனிந்து கிசுகிசுத்தான். "குதிரையைக் குடுத்திருந்தா நான் அவ்ளோதான்க்கா. ஏன் விட்டீங்க?"

தன் கண்ணுக்கு மட்டுமே பட்டதாக அவள் நினைத்திருந்த நகர்வு அது. பூங்கோதை அவன் காதுக்குள் ஏதாவது மின்னுகிறதா என்று பார்த்தாள்.