பாறையில் எழுதிய பேர்

ஆழமான மலையிடுக்கில் ஓடிய ஆற்றின் கரையில், ஒரு பாறைக்கடியில் தன் இரண்டு குட்டிகளோடு குடியேற வந்தது ஒரு தாய் நீர்நாய்.

"பார்த்து, தங்கச்சி! என் நெஞ்சில் இருக்கிற எழுத்தில் சேறு பட்டுவிடப் போகிறது," என்றது பாறை. "தோல் வியாபாரத்துக்கு முதன்முதலில் இங்கே வந்தவன் செதுக்கியது. பேர், வருஷம், 'இங்கு வந்தேன்' என்று ஒரு வரி. மூன்று நாள் உட்கார்ந்து செதுக்கினான்."

"மூன்று நாளா? வேறு வேலை இல்லையா, அண்ணே?"

"என் முதுகில் தோல் காயப்போட்டிருந்தான். காய வேண்டாமா?"

"யாருடைய தோல்?"

பாறை தொண்டையைச் செருமியது. "அதெல்லாம் பழைய கதை. ஆனாலும் மரியாதை தெரிந்தவன். கிளம்பும்போது என்னைத் தட்டிக்கொடுத்து, 'போயிட்டு வரேன்' என்று சொல்லிவிட்டுத்தான் போனான்."

தாய்க்கு உடம்பெல்லாம் மயிர் சிலிர்த்துக்கொண்டது.

"வரேன்னா சொன்னான்? எங்க வம்சத்தையே உரிச்சவன் பேரைப் பச்சை குத்திக்கிட்டு, அவன் வருவான்னு வேற காத்துக்கிட்டு இருக்கியா? த்தூ!"

மூத்ததைத் தண்ணீருக்குள் தள்ளிவிட்டு, சின்னதின் பிடரியைக் கவ்விக்கொண்டு நடந்தது.

"என்ன தங்கச்சி, சொல்லாமல் கொள்ளாமல் கிளம்புகிறாய்?"

தாய் நின்றது. வாயிலிருந்த குட்டியைக் கீழே வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தது.

"போறேன்," என்று மட்டும் சொன்னது.