கொலை முயற்சி அரிவாள்

1994 ஏப்ரலில், கோர்ட்டின் சான்றுப் பொருள் அறையில் இரண்டு பேர் இருந்தார்கள்: கொலை வழக்குக் குழவிக்கல்லும், புதிதாக வந்த, இளநீர்க்கடை மாசிலாமணியின் அரிவாளும்.

"நான் வெறும் கொலை முயற்சிதான், அக்கா. வெட்டுப்பட்ட பங்காளி ஆஸ்பத்திரியில உயிரோட இருக்கான்," என்றது அரிவாள். "என் ஆள் சில வருஷத்துல வெளியே வந்துடுவான். மறுபடி இளநீர் சீவலாம். கடைசிச் சீவல்ல தண்ணி தெறிக்கும் பாரு!"

"எனக்கும் உளுந்து வாசனை மறக்கலை," என்றது குழவி. "உன் ஆள் கொல்லத்தானே ஓங்கினான்?"

"கழுத்துக்குத்தான். பங்காளி குனிஞ்சுட்டான்."

"அப்ப என் ஆளுக்கும் அவனுக்கும் என்னடா வித்தியாசம்?"

"ஆயுள் தண்டனை, அக்கா," என்று சிரித்தது அரிவாள்.

"அப்படின்னா அந்தப் பங்காளி நல்லா இருக்கணும்னு வேண்டிக்கோ."

அரிவாள் தினமும் வேண்டிக்கொண்டது.

மே 17 அன்று பங்காளி ஆஸ்பத்திரியில் இறந்தார். அரிவாளில் கட்டியிருந்த சீட்டில், 'முயற்சி' என்ற சொல்லை மட்டும் கோடு போட்டு அடித்தார்கள்.